சீட்டு காட்டிய வழி



சானடோரியத்தில் தங்கினால்தான் காசநோய் நன்றாகக் குணமாகும் என்று ஒரு காலத்தில் நம்பினார்கள். படுக்கைகளோ போதவில்லை. வீட்டிலிருந்தே மருந்து சாப்பிட்டால் ஆகாதா? இதை அறிய 1956-ல் சென்னையில் ஓர் ஆய்வு தொடங்கியது.

யாருக்கு வீடு, யாருக்குச் சானடோரியம் என்று மருத்துவரே தீர்மானித்தால், நோய் முற்றியவர்களைச் சானடோரியத்துக்கே அனுப்பிவிடுவார். பிறகு ஒப்பிட முடியாது. ஆகவே 193 நோயாளிகளும் சீட்டுப் போடுவதுபோல் இரு பிரிவாக்கப்பட்டார்கள். மருந்தோ இருவருக்கும் ஒன்றே.

ஓராண்டில் இரு பிரிவிலும் பெரும்பாலோர் தேறினார்கள். வீட்டிலிருந்தோரின் குடும்பத்தாருக்கும் நோய் அதிகமாகத் தொற்றவில்லை. 1959-ல் முடிவு வெளியானது. பிள்ளைகளைப் பிரிந்து மாதக்கணக்கில் கிடக்கும் துயரம் அநேகருக்கு நீங்கியது. சீட்டு நடுநிலையாய் இருந்ததால்தான் அந்த முடிவை உலகம் நம்பியது.