பக்கத்து வயல் விளைச்சல் உங்க வயலுக்கு வருமா?

பக்கத்து வயல்ல ஒரு புது நெல் ரகம் நல்லா விளைஞ்சிருக்கு. அதே விதையை வாங்கலாம்னு இருக்கீங்க. கொஞ்சம் பொறுங்க. அந்த விளைச்சல் விதையால வந்ததா, அவரோட மண்ணு, தண்ணி, எருவால வந்ததா? விதையோட உங்க வயலுக்கு வர்றது அதன் மரபுக் குணம் மட்டும்தான். அவர் மண்ணு கூட வராது.

இதைப் பிரிச்சுப் பார்க்கத்தான் பயிர் விஞ்ஞானிகள் புள்ளியியலைப் பயன்படுத்துகிறார்கள். புது ரகத்தையும் வழக்கமான ரகத்தையும் பக்கம் பக்கமாகப் பல பாத்திகளில் நடுவார்கள். எந்தப் பாத்திக்கு எதுன்னு சீட்டுக் குலுக்குற மாதிரி முடிவு செய்வார்கள். இல்லேன்னா வளமான மூலை நமக்குப் பிடிச்ச ரகத்துக்கே போயிடுமே! 1920-களில் இங்கிலாந்தின் ராத்தம்ஸ்டெட் ஆய்வுப் பண்ணையில் ரொனால்ட் ஃபிஷர் வகுத்த முறை இது. ஒரே ரகத்தின் பாத்திகளுக்குள்ளேயே தெரியும் வித்தியாசம் பெரும்பாலும் மண்ணோட வேலை. அதையும் தாண்டி நிற்பதுதான் ரகத்தோட பலம். அப்படியும் ஓர் ஊரில் முந்தும் ரகம் இன்னோர் ஊரில் பின்தங்கலாம். அதனால்தான் பல ஊர், பல பருவச் சோதனை.

'உழவன்' செயலியில் விதை இருப்பைப் பார்க்கும் முன், அந்த ரகம் எந்தப் பட்டத்துக்கு, எந்தப் பகுதிக்குப் பரிந்துரைக்கப்பட்டதுன்னு வேளாண் அலுவலரிடம் கேளுங்க. அதிகபட்ச விளைச்சலை விடுங்க, சராசரி எவ்வளவுன்னு கேளுங்க. முதல் தடவை பத்து சென்ட்ல, பழைய ரகத்துக்குப் பக்கத்திலேயே போட்டுப் பாருங்க.