வில்லடி டிவிக்குப் போன கதை

இன்னிக்கு எபிசோடுல ஒரே ஒரு பாட்டுக்காரர். வீட்ல அம்மா அப்பாகிட்ட "வில்லுப்பாட்டுன்னா யாரு?"ன்னு கேட்டுப் பாருங்க. பெரும்பாலும் சுப்பு ஆறுமுகம்னுதான் பதில் வரும். திருநெல்வேலிப் பக்கம் சத்திரம் புதுக்குளத்துல 1928-ல பிறந்தவர். அவர் எப்படி எல்லா வீட்டுக் கூடத்துக்கும் வந்தார்? அந்த வழி எங்க நாகர்கோவில் வழியாத்தான் போகுது.

முதல்ல வில்லடின்னா என்னன்னு சொல்லிடுறேன். நாஞ்சில் நாட்டுல அதுதான் பேரு. ஆளைவிட நீளமான வில்லு, அதுல வரிசையா மணிகள். புலவர் வீசுகோலால நாணைத் தட்டிக்கிட்டே கதை பாடுவார். பக்கத்துல குடம், உடுக்கு, தாளம். "ஆமா"ன்னு பின்பாட்டு. சுடலைமாடன், இசக்கியம்மன், முத்துப்பட்டன்னு கோயில் கொடையில ராத்திரி முழுக்க நடக்கும். கதை உச்சத்துக்குப் போகும்போதுதான் சாமி இறங்கும். லேட்டானா புலவர் கதையை இழுக்கணும், சீக்கிரம் வந்துட்டா சுருக்கணும். முழுக்க முழுக்க லைவ்!

இப்ப என்.எஸ்.கிருஷ்ணன். 1908-ல நாகர்கோவில் ஒழுகினசேரியில பிறந்தவர். சினிமாவுல சிரிக்க வச்சவர்னு எல்லாருக்கும் தெரியும். வில்லடி அவருக்கு ஊர்ச்சொத்து. காந்தி கதையை வில்லுல பாடணும்னு ஆசைப்பட்டார். அதை எழுதிக் கொடுத்தவர்தான் இளைஞரா இருந்த சுப்பு ஆறுமுகம். கலைவாணர் அவரைச் சென்னைக்குக் கூட்டிட்டு வந்தார், தன் படங்களுக்கு நகைச்சுவைப் பகுதிகளும் எழுத வச்சார்.

இங்க நடந்த மாற்றத்தைக் கவனிங்க. மாடன் இருந்த இடத்துல காந்தி. கோயில் முற்றத்துக்குப் பதிலா மேடை. சாமி இறங்க வேண்டிய அவசியமே இல்ல. கேக்குறவருக்கு அந்தச் சாமியும் தெரிய வேண்டாம், அந்த ஊரும் தெரிய வேண்டாம்.

1957-ல கலைவாணர் காலமானார். வில்லு சுப்பு ஆறுமுகம் கையில தொடர்ந்தது. முதல்ல வானொலி. அப்புறம் 1975 ஆகஸ்ட் 15-ல சென்னைத் தொலைக்காட்சி ஆரம்பிச்சது. ஒரே சேனல், கறுப்பு வெள்ளை. ஸ்கிப் பண்றதுக்கு வேற எதுவும் கிடையாது! வில்லு, மணி, சிரிச்ச முகம், நடுநடுவுல ஜோக். டிவிக்குன்னே செஞ்ச மாதிரி இருந்தது. தெக்கத்திக் கொடையையே பாக்காதவங்களுக்கும் வில்லுப்பாட்டு தெரிஞ்சது.

என் தொழில் பாஷையில சொன்னா இது கம்ப்ரெஷன். ராத்திரி முழுக்க ஓடுற ஒண்ணை ஒரு நிகழ்ச்சி நேரத்துக்குள்ள அடக்குறது. ஃபைல் சின்னதாச்சு, அதனாலதான் எல்லா இடத்துக்கும் போச்சு. ஆனா சில டேட்டா திரும்ப வராது. இதுல போனது அந்த ராத்திரி.

அந்த ராத்திரியிலேயே இருந்தவங்க கதி என்ன? கொட்டாரம் பக்கத்துப் பூங்கனியம்மாவை எடுத்துக்குவோம். சின்ன வயசுலயே வில்லு முன்னாடி உட்கார்ந்தவங்க. கொடைகள்ல பல வருஷம் பாடினவங்க. 2018-ல வறுமையிலதான் காலமானாங்க. சுப்பு ஆறுமுகத்துக்கு 2021-ல பத்மஸ்ரீ. 2022 அக்டோபர் 10-ல அவரும் போயிட்டார். மகள் பாரதி திருமகன் இப்ப பாடுறாங்க.

இதுல சுப்பு ஆறுமுகம் மேல தப்பு சொல்ல எதுவும் இல்ல. அவர் இல்லன்னா சென்னைல பாதிப் பேருக்கு வில்லுன்னா ராமாயணம் மட்டும்தான். ஆனா டிவி ஒரு வில்லுக்காரரைத்தான் எல்லாருக்கும் தெரிய வச்சது. மத்தவங்க பேரைத் தேடிப் போக வேண்டியது நம்ம வேலை.

ஆடியிலயோ சித்திரையிலயோ ஊருக்குப் போனீங்கன்னா, எந்தக் கோயில்ல கொடைன்னு விசாரிங்க. வில்லு இருந்தா உட்காருங்க. பாதியில எழுந்துராதீங்க. புலவர் பேரைக் கேட்டு எனக்கு எழுதி அனுப்புங்க, அடுத்த எபிசோடுல சொல்றேன். வரட்டா மக்கா!