காலம் கழன்ற மனிதன்

புனைகதைகள் படைத்த நோய்களை மருத்துவரும் இலக்கியவாணரும் ஒன்றாக உட்கார்ந்து ஆராயும் அரங்கு இது. பொதுப்படச் சில வார்த்தைகள் பேசி அமர்வதைவிட, ஒரே ஒரு நோயாளியை உங்கள் முன் நிறுத்த விரும்புகிறேன்.

அவன் பெயர் பில்லி பில்கிரிம். அமெரிக்க எழுத்தாளர் கர்ட் வானகட் 1969இல் வெளியிட்ட ‘ஸ்லாட்டர்ஹவுஸ் ஃபைவ்’ நாவலின் நாயகன். கண் பரிசோதித்துக் கண்ணாடி கொடுப்பவன். காலம் அவனிடமிருந்து கழன்றுவிட்டது. முதுமையில் கண்ணயர்ந்தால் இளமையில் விழிக்கிறான். ஒரு கதவைத் திறந்தால் பத்தாண்டுக்கு அப்பால் நிற்கிறான். எங்கே போவது, எப்போது திரும்புவது என்பதில் அவன் விருப்பத்துக்கு இடமே இல்லை. மருத்துவ நூல் எதிலும் இல்லாத நோய் இது. ஆனால் அது பிறந்த ஊர் உண்மையானது. 1945 பிப்ரவரி 13 முதல் 15 வரை பிரிட்டிஷ், அமெரிக்க விமானங்கள் ஜெர்மனியின் டிரெஸ்டன் நகரை எரித்தன. ஏறத்தாழ 25,000 பேர் மாண்டனர். போர்க்கைதியாக இருந்த வானகட், இறைச்சிக்கூடம் ஒன்றின் நிலவறையில் இருந்ததால் உயிர் பிழைத்தார். பிறகு இடிபாடுகளிலிருந்து பிணங்களை எடுக்கும் வேலை அவருக்குத் தரப்பட்டது. அந்த அனுபவத்தை நாவலாக எழுதி முடிக்க அவருக்கு இருபது ஆண்டுகளுக்கு மேல் ஆயிற்று.

இந்த நோயை விண்வெளிக் கதையின் விளையாட்டு என்று ஒதுக்குபவர்கள் உண்டு. நான் அதை ஒரு நோயேடாகவே படிக்கிறேன். காலம் குலைந்தது என்பது வெளித்தோற்றம்தான். உண்மையில் குலைந்திருப்பது உணர்ச்சி. எந்த உணர்ச்சியும் தனக்குரிய நேரத்தில் பில்லியிடம் வருவதில்லை. நகரமே சாம்பலானபோது அவன் அழவில்லை. போர் முடிந்தபின் ஒரு வண்டியில் சுகமாகப் படுத்திருக்கிறான். அதை இழுக்கும் குதிரைகளின் வாயில் ரத்தம் கசிவதையும் குளம்புகள் வெடித்திருப்பதையும் பிறர் காட்டிய பிறகுதான் பார்க்கிறான். அப்போது உடைந்து அழுகிறான். அந்தப் போரில் அவன் அழுதது அந்த ஒரு முறைதான். பின்னாளில், பணமும் குடும்பமும் அமைந்த பிறகு, காரணம் தெரியாமல் தனியே கண்ணீர் வடிக்கிறான். பகலில் சற்றுத் தூங்கும்படி மருத்துவர் சொல்கிறார்!

1948இல் பில்லி தானாகவே முன்னாள் படைவீரர் மருத்துவமனையில் சேர்கிறான். மருத்துவர்கள் போரைக் காரணமாக நினைக்கவில்லை. சிறுவயதில் தந்தை அவனை நீச்சல் குளத்தின் ஆழப் பகுதியில் தூக்கிப் போட்டதைத்தான் காரணம் என்கிறார்கள். இந்தப் பகுதியை இங்குள்ள மருத்துவ நண்பர்கள் அவசியம் படிக்க வேண்டும். பேரதிர்ச்சிக்குப் பிந்தைய மனஅழுத்தக் கோளாறு அமெரிக்க மனநல மருத்துவச் சங்கத்தின் நோயறி கையேட்டில் இடம்பெற்றது 1980இல், வியட்நாம் போர் வீரர்களுக்காகப் பலர் போராடிய பிறகு. நாவல் அதற்குப் பதினோரு ஆண்டுகள் மூத்தது.

நாவலின் திறவுகோல் என்று நான் கருதுவது வேறோர் இடம். பில்லியின் திருமண ஆண்டு நிறைவு விருந்தில் நான்கு பேர் சேர்ந்து பாடுகிறார்கள். அவன் முகம் கோணுகிறது. மாரடைப்போ என்று விருந்தினர் பதறுகிறார்கள். மாடிக்குப் போய்ப் படுக்கிறான். குண்டுவீச்சுக்கு மறுநாள் வெளியே வந்து, ஊர் இருந்த இடத்தைப் பார்த்து, சொல் எழாமல் வாயைத் திறந்து திறந்து மூடிய நான்கு ஜெர்மன் காவலர்கள் நினைவுக்கு வருகிறார்கள். இம்முறை அவன் காலத்தில் பயணம் போகவில்லை, நினைவுகூர்ந்தான் என்று வானகட் குறிப்பாகச் சொல்கிறார். நினைவுகூர்பவன் இங்கே இருந்துகொண்டு அங்கே பார்க்கிறான். மற்ற வேளைகளில் இந்த ‘இங்கே’தான் பில்லிக்கு இல்லாமல் போகிறது.

எல்லாக் கணங்களும் என்றென்றும் இருக்கின்றன, ஆகவே யாரும் உண்மையில் சாவதில்லை என்று நாவலில் வரும் வேற்றுக்கிரகவாசிகள் பில்லிக்குப் போதிக்கிறார்கள். இதுவே நாவலின் செய்தி என்று சொல்லும் விமரிசகர்களோடு எனக்கு உடன்பாடில்லை. வியட்நாமில் தந்தையைப் பறிகொடுத்த சிறுவன் ஒருவன் கண் பரிசோதனைக்கு வருகிறான். உன் அப்பா அந்தந்தக் கணங்களில் உயிரோடுதான் இருக்கிறார் என்று பில்லி அவனைத் தேற்றுகிறான். எவ்வளவு பெரிய கொடுமை! அந்தப் பிள்ளைக்கு வேண்டியது துக்கப்பட ஒரு நேரம். பில்லி அதைத்தான் பிடுங்குகிறான். அந்தப் போதனை நோயின் உச்ச அறிகுறி. அதை மருந்தாக எடுத்துக்கொள்ள எனக்கு மனம் வரவில்லை.

நாவலை நோயேடாகப் படிப்பதில் உள்ள ஒரு சிக்கலையும் முன்வைக்க வேண்டும். எட்கர் ஜோன்ஸும் உடன் ஆய்வாளர்களும் பிரிட்டிஷ் படைவீரர்களின் ஓய்வூதியக் கோப்புகளை ஆராய்ந்து 2003இல் ஒரு கட்டுரை வெளியிட்டார்கள். கடந்தகாலக் காட்சி கண்முன் மீண்டும் நிகழ்வதாகச் சொன்னவர்கள் பழைய போர்களின் கோப்புகளில் மிக அரிது. பிற்காலப் போர்களில் கூடுகிறார்கள். அப்படியானால் சினிமாவும் நாவலும் இருக்கிற வலியைப் பதிவு செய்தனவா, அந்த வலி வெளிப்படும் வடிவத்தையே கற்றுக்கொடுத்தனவா? வலி உண்மை என்பதில் எனக்கு ஐயமில்லை. அதன் வடிவத்தில் கதைகளுக்குப் பங்கு உண்டு என்றே நினைக்கிறேன். இலக்கியக்காரர் மட்டும் பேசியோ மருத்துவர் மட்டும் பேசியோ இதைத் தீர்க்க முடியாது. முதல் அமர்வின் கட்டுரையாளர்கள் இந்தக் கேள்வியிலிருந்தே விவாதத்தைத் தொடங்க வேண்டும் என்று கேட்டுக்கொண்டு, கருத்தரங்கைத் தொடங்கி வைக்கிறேன்.