காலம் நெய்யும் ஆடை
(யூபிலி விழாக் கூட்டத்தில் பங்குத்தந்தை ஆற்றிய உரை)



சென்ற வாரம் மறைக்கல்வி முடிந்ததும் சிறுவர் சிலர் என்னைச் சூழ்ந்துகொண்டார்கள். "சாமி, காலத்தையே நூலாக்கி நெய்த மாயக் கம்பளம் ஒன்று உண்டாமே! அதில் பழைய காலமெல்லாம் தெரியுமாமே! உண்மையா?" என்று கேட்டார்கள். "கம்பளத்தை நான் கண்டதில்லை. ஆனால் அப்படிப்பட்ட சேலையைக் கண்டிருக்கிறேன். பாலக்கரையில் பஸ் ஏறி உறையூரில் இறங்கினால் நீங்களும் காணலாம்" என்றேன். அவர்கள் சிரித்தார்கள். நான் விளையாட்டாகச் சொல்லவில்லை. அதை விளக்கவே இன்று உங்கள் முன் நிற்கிறேன்.

உறையூர் முற்காலச் சோழரின் தலைநகர். கி.பி. முதல் நூற்றாண்டில் செங்கடல் வழியாக நம் நாட்டோடு வாணிகம் நடந்ததை எழுதிவைத்த கிரேக்க நூல் ஒன்று உண்டு. அதன் பெயர் பெரிப்ளூஸ். ஆசிரியர் பெயர் தெரியாது. அதில் 'அர்காரு' என்னும் ஊரின் மெல்லிய துணி, ஊர்ப் பெயராலேயே குறிக்கப்படுகிறது. அந்த அர்காரு நம் உறையூரே என்பது அறிஞர் பலரின் முடிவு. 1965 முதல் 1969 வரை சென்னைப் பல்கலைக்கழகத்தார் அங்கே அகழ்ந்தபோது, செங்கல்லால் கட்டிய சாயத்தொட்டி ஒன்று மண்ணுக்கடியில் கிடைத்தது. பொருநராற்றுப்படை பாடிய முடத்தாமக்கண்ணியாரோ, கரிகாற் சோழன் பரிசளித்த ஆடையைப் பாம்பின் சட்டைக்கு ஒப்பிடுகிறார். அதில் இழை போன வழியைக் கண்ணால் தொடர முடியாது என்கிறார். இதைவிட மாயம் வேறென்ன வேண்டும்?

அந்த நுண்மையைக் கணக்காலும் சொல்லலாம். 80-ஆம் நம்பர் நூல் என்றால், ஒரு பவுண்டு எடையில் 840 கஜம் கொண்ட சிட்டங்கள் 80 இருக்கும். மொத்தம் 67,200 கஜம். ஏறத்தாழ 61 கிலோமீட்டர். இங்கிருந்து இழுத்துக்கொண்டு போனால் தஞ்சாவூரைத் தாண்டிவிடும்! ஒரு சேலையின் அகலத்தில் அத்தகைய பாவு இழைகள் மூவாயிரத்துக்குக் குறையா.

இதையெல்லாம் நான் புத்தகத்தில் மட்டும் படித்ததன்று. என் தந்தை தறிக்காரர். வீட்டுக்குள்ளே குழித்தறி. அம்மா ராட்டையில் தார் சுற்றுவார்கள். விடியுமுன் தெருவில் பாவை நீட்டிக் கட்டிக் கஞ்சி தடவுவார்கள். வெயில் ஏறுமுன் அந்த வேலை முடிந்தாக வேண்டும். பாவு தீர்ந்துபோனால் பழைய நூலை அறுத்து எறிந்துவிடமாட்டார்கள். தறியில் எஞ்சி நிற்கும் ஒவ்வோர் இழையோடும் புதுப் பாவின் ஒவ்வோர் இழையையும் சேர்த்து, விரலில் சாம்பல் தொட்டு முறுக்குவார்கள். இதற்குப் பாவு பிணைத்தல் என்று பெயர். பழைய பாவு முன்னே இழுத்துச் செல்ல, புதுப் பாவு அதன் பின்னே அச்சுக்குள் நுழையும். இப்படி நெய்கிற தறியில் எது முதல் சேலை, எது கடைசிச் சேலை என்று யார் சொல்ல முடியும்?

எனக்குப் பன்னிரண்டு வயது. விடுமுறை நாள். அப்பா வெளியே போயிருந்தார். தறியில் நான் இருந்தேன். ஓர் இழை அறுந்தது. நிறுத்தி முடிந்திருக்க வேண்டும். தெருவில் விளையாட்டு ஆரம்பமாகிவிட்டதே என்ற அவசரத்தில், ஓர் இழைதானே என்று நெய்துகொண்டே போனேன். பாவில் அறுந்த இழை அந்த இடத்தோடு நிற்பதில்லை. முடியும்வரை கோடாக ஓடிக்கொண்டே இருக்கும். துணியை வாங்கிய முதலாளி கூலியைப் பிடித்துவிட்டார். அப்பா என்னை அடிக்கவில்லை. "தம்பி, அறுந்தது தப்பில்லைடா. தெரிஞ்சும் மேலே நெய்தது தப்பு" என்றார். அவ்வளவுதான். அந்த வாரம் வீட்டில் இரவுச் சோறு குறைந்ததை நான் மறக்கவில்லை.

பின்னர் நான் குருமடம் சேர்ந்தேன். அப்பாவின் கண் மங்கிற்று. பிணைக்க ஆளில்லை. ஒரு விடுமுறைக்கு வீடு சென்றபோது தறிக்குழியை மண்ணிட்டு மூடி, மேலே சிமெண்டு பூசியிருந்தார்கள். அழைத்தவர் ஆண்டவர் என்பதில் எனக்கு ஐயமில்லை. ஆயினும் அந்தத் தரையை மிதிக்கும்போதெல்லாம் என் கால் கூசுகிறது.

எங்கள் வீட்டுக் கதை பல வீடுகளின் கதை. இந்திய நாட்டில் 2009-10-ஆம் ஆண்டுக் கணக்கெடுப்பில் 43.31 லட்சமாக இருந்த கைத்தறித் தொழிலாளர், 2019-20-இல் 35.22 லட்சமாகக் குறைந்தனர். அவர்களில் நூற்றுக்கு 72 பேர் பெண்கள். விசைத்தறி விரைவாக நெய்கிறது, விலையும் குறைவு. ஆகவே பிள்ளைகள் வேறு வேலைக்குப் போவதை நான் குறை சொல்லேன். நானே போனவன் அன்றோ? ஆனால் கைத்தறித் துணியை வாங்கும்போது பேரம் பேசாதீர்கள். அந்தப் பத்து ரூபாய் எந்த வீட்டுச் சோற்றில் குறையும் என்பது எனக்குத் தெரியும்.

யோபு ஆகமம் மனிதனின் நாட்களைத் தறியில் ஓடும் நாடாவுக்கு ஒப்பிடுகிறது. அத்துணை விரைவு! நோயில் வீழ்ந்த எசேக்கியா அரசரும் தம் உயிரைத் தறியிலிருந்து அறுக்கப்படும் துணியாகவே கண்டார். யூபிலி என்பது ஓடும் நாடாவைச் சற்று நிறுத்தி, நெய்ததைத் தடவிப் பார்க்கும் நேரம்.

தடவிப் பார்த்தால் அறுந்த இழைகளும் கையில் தட்டுப்படும். சொத்துக்காகப் பேச்சை நிறுத்திய அண்ணன் தம்பி, ஒரு திருமணத்திற்காக வாசல் மிதிக்காத குடும்பங்கள், திண்ணையில் கேட்பாரற்று இருக்கும் பாட்டிமார் நம்மிடையே இல்லையா? அறுந்ததற்கு யார் காரணம் என்று வழக்காட வேண்டாம். தெரிந்தும் மேலே நெய்துகொண்டு போக வேண்டாம். இந்த யூபிலி ஆண்டு முடியுமுன் வீட்டுக்கு ஓர் இழையாவது முடிவோம். இளைஞர்களே, பெரியவர்களிடம் உட்கார்ந்து அவர்கள் கதையைக் கேட்டு எழுதி வையுங்கள். பழைய பாவு தறியில் இருக்கும்போதுதான் புதுப் பாவைப் பிணைக்க முடியும். அது கழன்றுபோன பின் முடியாது.

உங்கள் அனைவருக்கும் என் யூபிலி வாழ்த்தும் இறையாசீரும் உரியனவாகுக.