தேடினால் வரும் பெயர்



இணையத்தில் நற்பெயரைக் காத்துக்கொள் என்று நம் பிள்ளைகளுக்குப் பாடம் எடுக்கிறார்கள். படத்தை மாற்று, பதிவை நீக்கு என்கிறார்கள். பொய் வழக்கில் பெயர் ஏற்றப்பட்டவர் எதை நீக்குவார்?

குற்ற வழக்கில் விடுதலையான ஒருவர், தீர்ப்பில் தன் பெயர் இணையத்தில் நிற்கிறது, எடுங்கள் என்று சென்னை உயர் நீதிமன்றம் போனார். 2021-இல் தனி நீதிபதி மறுத்தார். 2024 பிப்ரவரியில் இரு நீதிபதிகள் அமர்வு நீக்கச் சொன்னது. ஜூலையில் உச்ச நீதிமன்றம் அதை நிறுத்திவைத்தது.

இதில் நமக்கும் இரண்டு மனம்தான். தீர்ப்புகள் பொதுவில் இருந்தால்தான் நம்மீதான வன்கொடுமைகளுக்குச் சாட்சி இருக்கும். ஆனால், திருப்புட்குழியில் கூலிக்குத் தறி நெய்பவரின் மகன் வேலை கேட்டுப் போனால், பெயரைத் தட்டிப் பார்ப்பவர் முதல் பக்கத்தோடு மூடிவிடுவார். 'விடுதலை' என்ற சொல் கடைசிப் பக்கத்தில் கிடக்கும்.

பெயரை மறைத்துத்தான் மானம் காக்க வேண்டுமா? இழிவாகச் சொன்ன பெயரையே தலைப்பாக்கி 1893-இல் 'பறையன்' இதழைத் தொடங்கினார் இரட்டைமலை சீனிவாசன். பட்டியல் சாதியினர்மீது பிறர் பொய் வழக்குப் போடுவது வன்கொடுமைத் தடுப்புச் சட்டப்படி குற்றம். விடுதலையானதும் வீட்டுக்குப் போய்விடாமல், அந்தப் பிரிவில் புகார் கொடுத்தவர்கள் இந்த அரங்கில் எத்தனை பேர்?