மூச்சு எடுக்கும் இடம்

(பழைய மாணவிகள் சங்க நூற்றாண்டு ஒன்றுகூடலில் ஆற்றிய உரையின் எழுத்து வடிவம்)



எங்கள் வகுப்பிலிருந்து ஒரு வைத்தியரைப் பேச அழைத்ததும், நீரிழிவும் இரத்த அழுத்தமும்தான் வரப்போகிறது என்று பலர் பயந்திருப்பீர்கள். பயப்பட வேண்டாம். நாங்கள் பேச வந்தது ஒரு பாடகியைப் பற்றி. அவருக்கும் நீரிழிவு இருந்தது என்பது உண்மைதான். அதைப் பிறகு பார்ப்போம்.

விடுதியில் இருந்த எங்களுக்கு மஹாலியா ஜக்சனின் குரல் அறிமுகமானது ஒரு சைக்கிளின் புண்ணியத்தில். யாழ்ப்பாணத்தில் மின்சாரம் இல்லாத தொண்ணூறுகளின் முற்பகுதி. சைக்கிளைக் கவிழ்த்து வைத்து, பெடலைக் கையால் சுற்றி, டைனமோவில் வரும் மின்சாரத்தில் கசற் கேட்ட காலத்தை இந்த மண்டபத்தில் பாதிப் பேர் அறிவீர்கள். சுற்றுகிறவள் களைத்தால் பாட்டு இழுபடும். லண்டனிலிருந்து யாரோ ஒருவரின் மாமி கொடுத்தனுப்பிய கசற்றில் 'அமேசிங் கிரேஸ்' இருந்தது. காலைக் கூட்டத்தில் ஒன்று இரண்டு மூன்று என்று தாளம் தவறாமல் நாங்கள் பாடிய அதே பாட்டு. ஆனால் கசற்றில் அது நகரவே இல்லை. ஒரு சொல் தொடங்கி, வளைந்து, ஏறி, இறங்கி, முடிவதற்குள் நாங்கள் அடுத்த அடிக்குப் போயிருப்போம். "ஒழுங்காச் சுத்தடி" என்று பெடலில் இருந்தவளை ஏசினோம். அவள் வியர்க்க வியர்க்கச் சுற்றினாள். பாட்டு அப்படியேதான் போனது. அது அந்தப் பாடகியின் வேகம் என்று விளங்க எங்களுக்குச் சில நாட்கள் பிடித்தன.

அந்த வேகம் எங்கிருந்து வந்தது?

மஹாலியா 1911 ஆம் ஆண்டு ஒக்டோபர் 26 ஆம் திகதி அமெரிக்காவின் தெற்கே, நியூ ஓர்லியன்ஸ் நகரில் பிறந்தார். சிறுவயதிலேயே தாயை இழந்து பெரியம்மாவின் கண்டிப்பில் வளர்ந்தார். வீட்டாருடன் போனது பப்ரிஸ்ற் தேவாலயம். அங்கே 'டொக்டர் வாட்ஸ்' என்று ஒரு பாடும் முறை இருந்தது. ஐசாக் வாட்ஸ், 1674 முதல் 1748 வரை வாழ்ந்த ஆங்கிலேயப் போதகர். எங்கள் பாட்டுப் புத்தகத்தின் அடியில் சிறிய எழுத்தில் அவருடைய பெயரைப் பார்த்திருப்பீர்கள். அடிமைத்தனத்தின் காலத்தில் அவருடைய ஞானப்பாட்டுகள் கறுப்பின மக்களிடம் போய்ச் சேர்ந்தன. வாசிக்கத் தெரியாதவர்கள், வாசிக்கத் தடுக்கப்பட்டவர்கள். ஆகவே ஒருவர் முதலில் ஓர் அடியைச் சொல்லுவார். சபை அதை வாங்கி, மிக மெதுவாக, ஒவ்வொரு அசையையும் ஆளுக்கொரு விதமாக வளைத்துப் பாடும். தாளம் கிடையாது. வாத்தியம் கிடையாது. முறை பழைய இங்கிலாந்தினுடையதுதான். ஆனால் அந்த மக்களின் வாயில் அது வேறொன்றாக மாறிவிட்டது. வாட்ஸ் எழுதாத பாட்டையும் இந்த விதமாகப் பாடினால் அதற்குப் பெயர் 'டொக்டர் வாட்ஸ்' தான். ஒரே புத்தகத்திலிருந்து நாங்களும் பாடினோம், அவர்களும் பாடினார்கள். நாங்கள் அச்சில் இருந்ததைப் பாடினோம்.

மஹாலியா வளர்ந்த இடத்துக்குப் பக்கத்திலேயே பரிசுத்தவான்கள் சபை ஒன்றும் இருந்தது. அங்கே பாடற்குழுவும் இல்லை, ஓகனும் இல்லை. மேளம், கைத்தாளம், காலடி எல்லாம் சேர்ந்து முழங்கும். அந்தத் துடிப்பைத் தான் அங்கிருந்துதான் எடுத்துக்கொண்டதாக அவரே சொல்லியிருக்கிறார். மூன்றாவதாக, பெசி சிமித் என்ற புளூஸ் பாடகியின் இசைத்தட்டுகள். அவற்றையும் கேட்டு வளர்ந்தார். ஆனால் புளூஸ் பாட மாட்டேன் என்று கடைசிவரை மறுத்தார். இரவு விடுதிகள் பெரும் பணம் தர முன்வந்தபோதும் போகவில்லை. பாட்டை மறுத்தாரே தவிர, சுரத்தை வளைக்கும் அந்தக் கலையை மறுக்கவில்லை. இதில் முரண்பாடு இருப்பதாக எங்களுக்குப் படவில்லை.

1927 இல், பதினாறு வயதில், தெற்கிலிருந்து வேலை தேடி வடக்கே போன இலட்சக்கணக்கானோரில் ஒருவராகச் சிக்காகோ போனார். உடுப்புத் தோய்த்தார், வீட்டு வேலை செய்தார், பிற்பாடு சிகையலங்காரக் கடை ஒன்றும் நடத்தினார். ஞாயிறுகளில் பாடினார். சிக்காகோவின் வசதியான கறுப்பினச் சபைகள் அக்காலத்தில் ஐரோப்பியப் பாடல்களை அளந்து பாடுவதையே மதிப்பாகக் கருதின. தெற்கிலிருந்து வந்த ஒரு பெண் கைதட்டி, உடம்பை அசைத்து, தொண்டை திறந்து பாடுவது அவர்களுக்கு வெட்கமாக இருந்தது. ஒரு போதகர் கண்டித்தபோது, கைகொட்டிப் பாடச் சொல்லிச் சங்கீதப் புத்தகத்திலேயே இருக்கிறதே என்று அவர் பதில் சொன்னார். ஒருமுறை, உழைத்துச் சேர்த்த 4 டொலரைக் கட்டி ஒரு பாட்டு ஆசிரியரிடம் போனார். அந்த ஆசிரியரும் கறுப்பினத்தவரே. கத்துவதை முதலில் நிறுத்து, இது எங்கள் இனத்துக்கே கௌரவம் இல்லை என்றார் அவர். மஹாலியா மறுபடி அந்தப் பக்கம் போகவில்லை.

இந்த இடத்தில் எங்களைப் பற்றியும் ஒன்று சொல்லவேண்டும். எங்கள் பாடற்குழுவில் பெரிய குரல் உள்ள ஒருத்தி இருந்தாள். இன்று அவளும் வந்திருக்கிறாள்; சொல்ல அனுமதி தந்திருக்கிறாள். பரிசளிப்பு விழாவுக்கு முன் அவளைப் பின்வரிசைக்கு அனுப்பி, வாயை மட்டும் அசைக்கச் சொன்னார்கள். அவளுடைய குரல் மற்றவர்களோடு கலக்கவில்லையாம். அவளும் அசைத்தாள். முன்வரிசையில் நின்ற நாங்கள் ஒருவரும் வாய் திறக்கவில்லை. உண்மையைச் சொன்னால், எங்களுக்கும் அது சரியாகத்தான் பட்டது. அதே விடுதியில், அதே ஆண்டில், இரவில் சைக்கிள் சுற்றி மஹாலியாவைக் கேட்டவர்கள்தான் நாங்கள். இரண்டையும் பொருத்திப் பார்க்க எங்களுக்குத் தோன்றவேயில்லை.

பாட்டு வகுப்பில் எங்களுக்குச் சொல்லித்தந்த முதல் விதி: மூச்சு எடுப்பது கேட்கக்கூடாது. எடுப்பதானாலும் வசனம் முடியும் இடத்தில், காற்புள்ளியில், தோள் உயராமல் எடுக்கவேண்டும். நல்ல விதிதான். ஐம்பது பேர் ஒன்றாகப் பாடும்போது வேறு வழியில்லை. மஹாலியா இதற்கு நேர்மாறு. சொற்றொடரின் நடுவில் மூச்சு எடுப்பார். சில வேளை ஒரு சொல்லையே இரண்டாக முறித்து நடுவில் எடுப்பார். அதை ஒளிப்பதும் இல்லை. நெஞ்சு நிறையும் சத்தம் கேட்கும், கேட்பவர்கள் காத்திருப்பார்கள், பிறகு மீதிச் சொல் விழும். அந்த ஒரு கணத்தில் கேட்கிறவர்களும் தங்களை அறியாமல் மூச்சை இழுத்துப் பிடித்துக்கொள்வார்கள். இருபது ஆண்டுகளாக நோயாளிகளின் நெஞ்சில் ஸ்டெதஸ்கோப்பை வைத்து "நல்லா மூச்சை இழுங்கோ, விடுங்கோ" என்று சொல்லிச் சொல்லி எங்களுக்குப் பழகிவிட்டது. மூச்சை உள்ளே இழுக்கும்போது மனிதர் பேசுவதில்லை, பாடுவதில்லை. அது பேச்சுக்கு இடையில் கிடைக்கும் வெற்றிடம் என்றே நினைத்திருந்தோம். அந்த வெற்றிடத்தையும் பாட்டின் ஒரு பகுதியாக்கியதுதான் இந்த அம்மையாரின் கலை என்று எங்களுக்குப் படுகிறது.

சந்தேகம் இருந்தால் 1958 ஆம் ஆண்டு நியூபோட் ஜாஸ் விழாவில் எடுத்த 'ஜாஸ் ஒன் எ சமர்ஸ் டே' என்ற படத்தைப் பாருங்கள். படத்தின் கடைசியில் அவர் கர்த்தருடைய ஜெபத்தைப் பாடுகிறார். நாங்கள் காலைக் கூட்டத்தில் அரை நிமிடத்தில், ஒரே மூச்சில், சப்பாத்தைப் பார்த்துக்கொண்டு சொல்லி முடித்த ஜெபம். அவர் அதற்குப் பல மடங்கு நேரம் எடுக்கிறார். ஜாஸ் கேட்க வந்த கூட்டம் அசையாமல் இருக்கிறது. பியானோவைக் கவனியுங்கள். அதை வாசிக்கும் மில்றெட் ஃபோல்ஸ், அடுத்த அசை எப்போது விழும் என்று கணக்குப் பார்ப்பவராகவே தெரியவில்லை. கூடவே மூச்சு எடுப்பவர் போல வாசிக்கிறார். மஹாலியா ஒரே பாட்டை இரு முறை ஒரே மாதிரிப் பாடியதில்லை, இசைக்குறிப்பு வாசிக்கவும் அறியார். அப்படிப்பட்டவருக்குப் பல ஆண்டுகள் பின்வாசிப்பது சாதாரண வேலையல்ல. அந்த வேலைக்கு மில்றெட்டுக்குக் கிடைத்த ஊதியமோ சொற்பம். மஹாலியாவின் பக்கம் நின்று பேச வந்தாலும் இதைச் சொல்லாமல் விடமுடியாது.

அவரை நாடறியச் செய்தது 1947 இல் அப்போலோ நிறுவனத்துக்காகப் பதிவுசெய்த 'மூவ் ஒன் அப் எ லிற்றில் ஹையர்'. மெம்பிஸ் நகரப் போதகர் வில்லியம் ஹேர்பேட் புரூஸ்ரர் எழுதியது. ஒரு பக்கத்தில் அடங்காமல் தட்டின் இரு பக்கங்களிலும் போகும் நீண்ட பாட்டு. மோட்சத்துக்குள் போகும் ஓர் ஆத்மா, அங்கே வேதாகம மாந்தரைச் சந்தித்துக்கொண்டு படிப்படியாக மேலே ஏறும். ஏறுவது மோட்சத்தில் மட்டுமல்ல, படிப்பிலும் தொழிலிலும் உரிமையிலும் எங்கள் மக்கள் ஏறவேண்டும் என்று நினைத்தே எழுதினேன் என்று புரூஸ்ரர் பின்னாளில் விளக்கினார். வெளிப்படையாகச் சொல்ல முடியாததைப் பாட்டில் ஒளித்துச் சொல்வது எங்களுக்குப் புதிதல்ல. 1950 ஒக்டோபரில் நியூயோர்க்கின் கானகி மண்டபத்தில் பாடினார். 1954 இல் கொலம்பியா நிறுவனத்தோடு ஒப்பந்தமானார். பணமும் புகழும் வந்தன, பெரிய வாத்தியக் குழுக்களும் வந்தன. அந்தத் தட்டுகளில் பல எங்களுக்குச் சீனி கூடின தேநீர் போல இருக்கும். ஒரு பியானோவும் ஓர் ஓகனும் போதும் அவருக்கு.

1963 ஓகஸ்ற் 28, வொஷிங்டன் பேரணி. மாட்டின் லூதர் கிங் பேசுவதற்குச் சற்று முன் மஹாலியா பாடினார். பிறகு கிங் எழுதி வந்ததை வாசித்துக்கொண்டிருந்தபோது, அந்தக் கனவைப் பற்றிச் சொல்லுங்கள் மாட்டின் என்று பின்னாலிருந்து மஹாலியா குரல் கொடுத்ததாக அருகில் நின்றவர்கள் சொல்கிறார்கள். கிங் தாளை விட்டுவிட்டுப் பேசிய பகுதியைத்தான் நாங்கள் பாடப்புத்தகத்தில் படித்தோம். இது அரசியல் அதிசயம் என்று எல்லோரும் சொல்வார்கள். சபையில் வளர்ந்தவர்களுக்கு அது வழக்கம். அங்கே போதகர் பேசும்போது சபை சும்மா இருப்பதில்லை. ஓர் அடி இவர், ஓர் அடி அவர்கள்.

ஐந்து ஆண்டுகளுக்குள் கிங்கின் இறுதிச் சடங்கில் அவர் பாடவேண்டி வந்தது. பாட்டு 'பிரெஷஸ் லோர்ட்'. அதை இயற்றிய தோமஸ் டோர்சி முன்பு புளூஸ் பியானோக் கலைஞர். 1932 இல் பிள்ளைப்பேற்றில் மனைவி இறந்து, பிறந்த குழந்தையும் இறந்தபின் எழுதியது. மகப்பேற்று விடுதியில் வேலை செய்த எங்களுக்கு அந்தப் பாட்டைச் சாதாரணமாகக் கேட்க முடிவதில்லை. டோர்சியும் மஹாலியாவும் பல ஆண்டுகள் ஒன்றாகச் சபை சபையாகப் போய்ப் பாடியவர்கள். கிங்கும் தான் சுடப்படுவதற்குச் சில நிமிடங்களுக்கு முன் அன்றிரவுக் கூட்டத்தில் இந்தப் பாட்டை வாசிக்கும்படி ஒரு கலைஞரிடம் கேட்டிருந்தார்.

நோயைப் பற்றிப் பிறகு பார்ப்போம் என்றோம். அறுபதுகளின் நடுப்பகுதியிலிருந்து இதயம் பலவீனப்பட்டது. சார்கோய்டோசிஸ் என்ற நோயும் இருந்தது. பெரும்பாலும் நுரையீரலைப் பிடிக்கும், மூச்சை வாங்கவைக்கும் நோய். தொழில் புத்தி விடாது. அவருடைய பிற்காலப் பதிவுகளைக் கேட்டு, இதோ இங்கே மூச்சு குறைகிறது, இதோ இங்கே தெரிகிறது என்று கண்டுபிடிக்கப் பார்த்தோம். முடியவில்லை. முழுப் பலத்தோடு இருந்த காலத்திலேயே சொல்லை முறித்து மூச்சு எடுத்தவர். பலம் குறைந்தபோது எது கலை, எது களைப்பு என்று பிரித்தறிய ஒரு வழியையும் அவர் எங்களுக்கு விட்டுவைக்கவில்லை.

1971 இல் இந்தியாவில் பாடினார். சென்னையிலும் பாடினார். எங்கள் அம்மாமார் சிலர் பள்ளிக்கூடச் சீருடையில் இதே மண்டபத்தில் நின்றிருப்பார்கள். கடலுக்கு அந்தப் பக்கம் அந்தக் குரல் பாடிக்கொண்டிருந்திருக்கிறது. அடுத்த ஆண்டு ஜனவரி 27 ஆம் திகதி, அறுபது வயதில், காலமானார்.

இனிப் பேச்சுப் போதும். அந்த 1947 ஆம் ஆண்டுப் பதிவைக் கொண்டுவந்திருக்கிறோம். பழைய தட்டிலிருந்து எடுத்தது, ஆகவே பொரியும் சத்தம் கேட்கும். முதற் பகுதி முடிந்ததும் ஓர் இடைவெளி வரும். கைதட்டிவிடாதீர்கள், பாட்டு முடியவில்லை. பின்வரிசையில் இருப்பவளை முன்னுக்கு வரச் சொன்னோம். மாட்டாளாம், அங்கேதான் சத்தம் வடிவாகக் கேட்குமாம். தங்கச்சி, ஒலிபெருக்கியைக் கொஞ்சம் கூட்டிவிடுங்கோ.