உளியும் கூரும்



கவிதை முழங்கும் பத்தாம் ஆண்டு அவையில் உளி தீட்டுதலைப் பற்றிப் பேச முன்வந்துள்ளேன். தச்சுத்தொழிலின் முதற்பாடம் கருவியைக் கூராக்குதலே. பலகையைத் தொடுவது அதற்குப் பின்னர்தான்.

இன்று பலரும் உளியை மின்சாணையிடம் ஒப்படைத்துவிடுகின்றனர். விரைந்து சுழலும் உலர்சாணையில் மெல்லிய முனை நொடிகளில் சூடேறும். எஃகில் நீலம் பாய்ந்தால் சூடு ஏறத்தாழ 300 பாகை செல்சியசை எட்டிவிட்டது என்று பொருள். பதம் போன அவ்விடத்தில் எவ்வளவு தீட்டினும் கூர் நில்லாது. அப்பகுதியைத் தேய்த்து நீக்குவதே வழி. பாட்டன் கைவழி வந்த உளி இவ்வாறே குறுகிப் பழைய இரும்புக் கடைக்குப் போகிறது. வீட்டில் கல்லில் தீட்டினால் அது இன்னொரு தலைமுறைக்கும் உழைக்கும்.

முறை எளிது. முதலில் உளியின் தட்டையான பின்புறத்தைக் கல்லில் படியவைத்துச் சமமாக்க வேண்டும். கூர் என்பது இரு பரப்புகள் கூடும் கோடு. ஒன்று கோணினால் மற்றதன் உழைப்பு வீண். அடுத்தது சரிவு. தகட்டின் கனம் 4 மி.மீ. எனில் சரிவின் நீளம் 8 மி.மீ. இருக்கட்டும், 30 பாகைக் கோணம் தானே அமையும். யூகலிப்டஸ் போன்ற வன்மரத்தையும் கொட்டாப்புளியின் அடியையும் அது தாங்கும். சில்வர் ஓக் போன்றவற்றைக் கையால் சீவ 25 பாகை போதும். முரட்டுக் கல்லில் தொடங்கி நுண்கல்லில் முடிக்க வேண்டும். பின்புறத்தில் முனை நெடுகிலும் மெல்லிய பிசிறு விரலுக்குத் தட்டுப்பட்டால் தீட்டியது போதும். அப்பிசிறை இருபுறமும் மாற்றித் தேய்த்து எடுத்து, தோல்வாரில் பின்னோக்கி இழுத்தால் வேலை முடிந்தது.

மலைவாழ்வோர்க்கு ஒரு சொல். ஏறத்தாழ 2,100 மீட்டர் உயர்ந்த கோடைக்கானலில் தேங்காய் எண்ணெய் கல்லுக்கு உதவாது. 24 பாகைக்குக் கீழே அது உறைந்து கல்லின் கண்களை அடைத்துவிடும். மண்ணெண்ணெய் கலந்த இயந்திர எண்ணெயே ஏற்றது. பனிமூட்டக் காலத்தில் உளியைத் துடைத்து எண்ணெய் பூசி வையுங்கள். இல்லையேல் இட்ட கூரைத் துரு தின்றுவிடும்.

அன்பர்களே, மழுங்கிய உளியே ஆபத்தானது. அது மரத்தில் இறங்காது. கை வலிந்து தள்ளும். வழுக்கினால் மறுகையில் பாயும். கூரிய உளியோ சிறு விசையில் சென்று, நிறுத்திய இடத்தில் நிற்கும். சொல்லை ஆள்வோர்க்கும் இது பொருந்தும். கருவியைப் பேணச் செலவிடும் கால்மணி நேரமும் வேலையின் கணக்கிலேயே சேரும்.